மூன்று முறை கூப்பிட்டார்கள்

அந்தக் கடிதம் தவறுதலாக என் வீட்டுப் பெட்டிக்குள் விழுந்த அன்று நான் செய்யவேண்டியிருந்தது ஒன்றே ஒன்றுதான். பத்தடி நடந்து பக்கத்து வீட்டுப் பெட்டியில் அதைப் போட்டிருக்க வேண்டும். போடவில்லை. அதனால் என்னென்ன நடந்ததோ அதை இப்போதாவது எழுதிவைத்துவிடலாம் என்று உட்கார்ந்திருக்கிறேன். இதற்குள் இரண்டு தடவை எழுந்து போய்விட்டு வந்துவிட்டேன்.

பக்கத்து வீட்டில் இருப்பவர்கள் முன்பின் தெரியாதவர்கள் இல்லை. அந்த அக்காவும் நானும் பீடோங்கைச் சுற்றியுள்ள தோட்டம் ஒன்றில் ஒரே லயத்து வரிசை வீடுகளில் வளர்ந்தவர்கள். தோட்டத்து வீடுகளைக் காலி செய்யச் சொன்னபோது, டவுனுக்குப் பக்கத்துத் தாமான் குடியிருப்பில் அடுத்தடுத்த வீடாகக் கேட்டு வாங்கிக்கொண்டு வந்தோம். அவள் கணவரை நான் அண்ணே என்றுதான் கூப்பிடுவேன். செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டுகிறார். பண்டார் பாரு வரைக்கும் போய்வருவார். வாரத்தில் பாதி நாள் வீட்டில் இருக்கமாட்டார். அக்கா வீட்டிலேயே சமைத்துத் தொழிற்சாலை ஆட்களுக்குப் பொட்டலச் சோறு கொடுக்கிறாள். நான் ஒரு தமிழ்ப்பள்ளி அலுவலகத்தில் கிராணி. வருகிற கடிதத்தைப் பதிவது, போகிற கடிதத்தை அனுப்புவது, போய்ச் சேர்ந்ததா என்று விசாரிப்பது, இதுதான் என் வேலை.

சோற்று வியாபாரம் பெருகியதும் அக்காவுக்குச் சமைக்கிற குசினி போதவில்லை. அண்ணன் பின்பக்கச் சுவரை இடித்து, பின்சந்து லோங்காங் சாக்கடையின் விளிம்பு வரை இழுத்துக் கட்டினார். புதுக் கூரையின் ஜிங்குத் தகடு எங்கள் சுவர்மேல் வந்து முடிந்தது. மழை பெய்தால் அந்தக் கூரைத் தண்ணீர் அத்தனையும் எங்கள் குசினிக்குள் இறங்கும். பலகை அலமாரி ஊறி உப்பியது. சுவரில் பச்சையாகப் பூத்தது. முதலில் சிரித்துக்கொண்டேதான் சொன்னேன்.

"அண்ணே வரட்டும், சரி பண்ணச் சொல்றேன் லா" என்றாள் அக்கா.

அண்ணன் வந்தார், ஒரு தகரக் குழாயைக் கட்டினார், அடுத்த மழைக்கே அது விழுந்தது. மறுபடி சொன்னேன். பிறகு சிரிக்காமல் சொன்னேன். ஒருநாள் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து அவள் சொன்னாள்: "உனக்கு வயித்தெரிச்சல்டி. நான் நாலு சனத்துக்குச் சோறு போட்டு முன்னுக்கு வர்றது உனக்குப் புடிக்கல."

அந்த வார்த்தைக்காகத்தான் கோர்ட்டுக்குப் போனேன். தண்ணீருக்காகப் போனேன் என்றுதான் எல்லாரிடமும் சொன்னேன்.

சுங்கை பட்டாணி கோர்ட்டில் எனக்குத் தீர்ப்பானது. எங்கள் பக்கம் நீட்டிய கூரையையும் அதைத் தாங்கும் சுவரையும் எடுக்கச் சொன்னார்கள். சுவர் போனால் அக்காவின் அடுப்பு நிற்கிற இடமே போய்விடும். அண்ணன் விடவில்லை. அலோர் ஸ்டார் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு போட்டு, அது முடியும்வரை எதையும் இடிக்கக்கூடாது என்று தடையும் வாங்கினார். அதற்குப் பிறகு அவருக்கும் அவருடைய லோயருக்கும் சரிவரவில்லை. நானே பேசிக்கொள்கிறேன் என்று லோயரை விலக்கிவிட்டார். அதனால் கோர்ட்டுக் கடிதங்கள் நேராக அவர் வீட்டுக்கே வரத் தொடங்கின.

எங்கள் தாமானுக்கு அப்போது புதுத் தபால்காரர் ஒருவர் வந்திருந்தார். ஒரு மத்தியானம் பள்ளியிலிருந்து திரும்பிப் பெட்டியைத் திறந்தேன். அரசாங்க முத்திரை குத்திய நீளக் கவர். அண்ணன் பெயர், பக்கத்து வீட்டு எண். உள்ளே என்ன இருக்கும் என்று பிரித்துப் பார்க்க வேண்டிய அவசியமே இல்லை. விசாரணைக்கு நாள் குறித்தாகிவிட்டது என்று முதல் நாள்தான் என் லோயர் போனில் சொல்லியிருந்தார்.

எடுத்துக்கொண்டு அவர்கள் கேட் வரைக்கும் போனேன், அது உண்மை. அக்கா முன்பக்கம் உட்கார்ந்து குண்டான் கழுவிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்தாள். பார்த்துவிட்டு அலசிய தண்ணீரை வீசி ஊற்றினாள். அது என் செருப்பு வரைக்கும் ஓடிவந்தது. வேண்டுமென்றே ஊற்றினாளா, வழக்கமாக ஊற்றுகிற இடத்தில்தான் ஊற்றினாளா, இன்றுவரை எனக்குத் தெரியாது. நான் திரும்பி நடந்தேன். கவர் கைப்பைக்குள் போயிற்று.

மறுநாள் கொடுக்கலாம் என்று நினைத்தேன். மறுநாளும் அப்படியே நினைத்தேன். சாவி எடுக்கக் கையை விடும்போதெல்லாம் கவரின் மூலை விரலைக் குத்தும். பள்ளியில் உட்கார்ந்து பெற்றோர்களுக்குப் போகவேண்டிய கடிதங்களுக்கு முகவரி ஒட்டிக்கொண்டே இதை என் மேஜைக்கு அடியில் வைத்திருந்தேன். ஐந்தாம் நாள் பையிலிருந்து எடுத்து, வீட்டில் பழைய மின்சாரச் சீட்டுகள் கிடக்கிற இழுப்பறையில் போட்டேன். ஒளித்துவைக்கவில்லை, பையில் கிடந்து கசங்கக்கூடாது என்றுதான் போட்டேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். இழுப்பறையை மூடிவிட்டுத் திரும்பத் திறந்து பார்த்தேன்.

அதே வாரம் பெட்ரோல் நிலையத்தில் அண்ணனைப் பார்த்தேன். லோரியை ஓரமாக நிறுத்திவிட்டு டயரைப் பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கும் அக்காவுக்கும்தான் பேச்சு நின்றிருந்தது. அவர் என்னிடம் பேசாமல் இருந்ததில்லை.

"தங்கச்சி, கேஸு எப்ப வருதுன்னு உன் லோயரு எதாச்சும் சொன்னாங்களா? எனக்கு இன்னும் லெட்டரு ஒண்ணும் காணோம்."

"தெரியல அண்ணே" என்றேன்.

"வந்தா சொல்லு. நான் மொதலாளிகிட்ட லீவு கேக்கணும்."

தலையாட்டினேன். வண்டியை எடுத்து ரோட்டுக்கு வந்தபிறகுதான் எண்ணெய் ஊற்றாமலே கிளம்பிவிட்டேன் என்று தெரிந்தது.

விசாரணை நாள் வந்தது. என் வீட்டுக்காரருக்குக் காலை வேலை. நான் தனியாகவே காரை ஓட்டிக்கொண்டு அலோர் ஸ்டாருக்குப் போனேன். புறப்படும்போது அக்கா வீட்டில் தாளிக்கும் வாசனை வந்தது. அண்ணனின் லோரி இல்லை. அவர் முதல் நாளே லோடு ஏற்றிக்கொண்டு தெற்கே போயிருந்தார்.

கோர்ட்டு அறைக்குள் குளிர்ந்து கிடந்தது. எங்கள் கேஸ் எண்ணைப் படித்தார்கள். மொழிபெயர்ப்பாளர் கதவைத் திறந்துகொண்டு வராந்தாவில் அண்ணனின் முழுப்பெயரைக் கூப்பிட்டார். அப்பா பெயரோடு சேர்த்து. பதில் இல்லை. கொஞ்சம் பொறுப்போம் என்று நீதிபதி வேறு கேஸை எடுத்தார். மறுபடி எங்களுடையது வந்தது. மறுபடி கூப்பிட்டார்கள். மூன்றாவது முறை கூப்பிட்டபோது நான் என் கைப்பையின் ஜிப்பைத் திறந்து மூடிக்கொண்டிருந்தேன். என் லோயர் மெதுவாக என் கையைத் தொட்டு நிறுத்தினார்.

"அறிவிப்பு அனுப்பப்பட்டதா?" என்று நீதிபதி மலாயில் கேட்டார்.

"தபாலில் போயிருக்கிறது, யாங் ஆரிப். திரும்பி வரவில்லை" என்றார் என் லோயர். அவருக்குத் தெரிந்தது அவ்வளவுதான். அவர் சொன்னதில் பொய் ஏதும் இல்லை.

மேல்முறையீடு தள்ளுபடி. கீழ்க்கோர்ட்டின் உத்தரவு நிற்கிறது. பள்ளி வருகைப் புத்தகத்தில் கையெழுத்துப் போடுகிற நேரம்கூட ஆகவில்லை.

வராந்தாவுக்கு வந்ததும் லோயர் சிரித்தார். என்னைவிட வயதில் சின்னவர், என்னை அக்கா என்பார். "முடிஞ்சிருச்சுக்கா. தடையும் போச்சு. சுவர எடுக்கச் சொல்லி நான் லெட்டர் அனுப்பிடுறேன்."

"ஒருநாள் வரலன்னா அவ்வளவுதானா?"

"ராயுவான், அதான் மேல்முறையீடு, போட்டவங்கதான் அதை நடத்திக் கொண்டுபோகணும்க்கா. போட்டுட்டு வராம இருந்தா, அக்கறை இல்லன்னுதான் கோர்ட்டு எடுத்துக்கும். சரியான காரணம் காட்டுனா திரும்ப எடுக்கச் சொல்லி மனு கொடுக்கலாம். ஆனா சீக்கிரம் கொடுக்கணும். இவங்க எங்க கொடுக்கப் போறாங்க?"

வீட்டுக்கு வந்து அலமாரியைத் துடைத்தேன். துடைத்த அலமாரியையே திரும்பத் துடைத்தேன். வேலை முடிந்து வந்த வீட்டுக்காரர் சந்தோஷத்தில் ஆட்டிறைச்சி வாங்கிவந்திருந்தார். "ஜெயிச்சவ மூஞ்சியா இது?" என்றார். தலைவலி என்று சொன்னேன். அடுத்த சில நாட்கள் பள்ளியில் எனக்கு ஒன்றுமே ஓடவில்லை. கல்வி இலாகாவுக்குப் போகவேண்டியதைப் பள்ளிப் பஸ்காரருக்கு அனுப்பினேன். ஒரே கடிதத்துக்கு இரண்டு எண் போட்டேன். நாற்காலியில் உட்கார்ந்தால் எழுந்துகொள்ளத் தோன்றியது, எழுந்தால் எங்கே போவது என்று தெரியவில்லை.

தள்ளுபடி உத்தரவு பக்கத்து வீட்டுக்குப் போய்ச் சேர்ந்த நாளில் நான் குசினியில் இருந்தேன். சுவருக்கு அந்தப் பக்கம் அக்காவின் குரல் கிழிந்தது. "எப்ப கூப்பிட்டாங்க? யாரு கூப்பிட்டாங்க? நமக்கு ஒண்ணுமே வரலையே!" பிறகு ஒரு சட்டி விழுந்த சத்தம். விழுந்ததா, போட்டாளா தெரியாது.

அண்ணன் தபால் நிலையத்தில் போய் முறையிட்டார். அதற்கு இரண்டு நாள் கழித்து அந்தத் தபால்காரர் எங்கள் வரிசையில் வீடு வீடாக மோட்டாரை நிறுத்திக் கேட்டுக்கொண்டு வந்தார். முப்பது வயதிருக்கும், மலாய்க்காரர். ஹெல்மெட்டைக் கழற்றாமலே என் கேட்டருகில் நின்று, "அக்கா, பக்கத்து வீட்டுக் கடிதம் ஏதாவது உங்கள் பெட்டியில் விழுந்ததா? கோர்ட்டுக் கடிதம். மேலிடத்தில் என்னைக் கேட்கிறார்கள்" என்று மலாயில் கேட்டார்.

இல்லை என்றேன்.

அவர் நன்றி சொன்னார். அடுத்த வீட்டுக்குப் போய் அதையே கேட்டார். அதற்கடுத்த வீட்டிலும். வரிசைக் கடைசி வரைக்கும் அவர் மோட்டார் நின்று நின்று போகிற சத்தத்தை நான் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டேன். அண்ணனிடம் சொன்ன பொய்யைக்கூட எப்படியோ சமாளித்துவிட்டேன். அவர் எனக்கு எதிரி என்று நினைத்துக்கொள்ள முடிந்தது. இந்த மனிதர் எனக்கு என்ன செய்தார்? மாதக் கடைசியில் அவர் வேலை போனால் அதற்கும் நான்தானே காரணம்?

மறுநாள் பள்ளி விடுமுறை. காலை பத்து மணிக்கு இழுப்பறையைத் திறந்தேன். கவரை எடுத்துக்கொண்டு, இரண்டு வருஷத்துக்குப் பிறகு அக்கா வீட்டுக் கேட்டைத் தள்ளினேன். அண்ணன் வீட்டில் இருந்தார். அக்கா தரையில் உட்கார்ந்து வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாள். கத்தியை நிறுத்தாமலே நிமிர்ந்தாள்.

"சுவர இடிக்க ஆளு எப்ப வரும்னு சொல்ல வந்தியா?"

நான் கவரை மேஜைமேல் வைத்தேன். "இது என் பெட்டியில விழுந்துச்சு அண்ணே. கோர்ட்டு நாளுக்கு முன்னாலயே. நான் கொடுக்கல."

அண்ணன் கவரை எடுத்து முன்னும் பின்னும் பார்த்தார். ஒட்டு பிரிபடவில்லை என்பதைப் பார்த்தார். பிறகு, "அன்னைக்கு எண்ணெ ஊத்துற எடத்துல உன்னக் கேட்டேனே" என்றார்.

"கேட்டீங்க."

"தெரியலன்னியே."

"பொய் சொன்னேன் அண்ணே."

அக்கா எழுந்துவந்தாள். அடிக்கப்போகிறாள் என்றுதான் நினைத்தேன். அடித்திருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். அவள் என் முகத்துக்கு நேராக நின்று, வெங்காயக் கையாலேயே கண்ணைத் துடைத்துக்கொண்டு, "என் அடுப்ப அணைக்கப் பாத்தியேடி" என்றாள். "என் புள்ளைக்கு நீ சோறு ஊட்டியிருக்க. ஒன் கையால ஊட்டியிருக்க. அந்தக் கையாலயா இத எடுத்து வச்ச?"

 அவள் உள்ளே போய்விட்டாள். அண்ணன் கவரைக் கையில் வைத்தபடி, "இத கோர்ட்டுல வந்து சொல்வியா?" என்று கேட்டார்.

"சொல்றேன்."

"ஒன் கேஸு போயிரும்."

"சொல்றேன் அண்ணே."

அன்று மத்தியானமே தபால்காரரின் மோட்டாரை ஒரு சாப்பாட்டுக் கடை வாசலில் பார்த்தேன். இறங்கிப்போய் அவரிடமும் சொன்னேன். அவர் தேநீரைப் பாதியில் வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். திட்டவில்லை. "என் மேலதிகாரியிடம் இதை எழுதிக் கொடுங்கள்" என்று மட்டும் சொன்னார். எழுதிக் கொடுத்தேன்.

என் வீட்டுக்காரர் இரண்டு நாள் என்னோடு சரியாகப் பேசவில்லை. "இவ்வளவு தூரம் வந்துட்டு" என்று ஆரம்பிப்பார், முடிக்கமாட்டார். லோயர் பேசினார், நிறையவே பேசினார்.

"அக்கா, தெரிஞ்சுதான் பேசுறீங்களா? நீங்க ஜெயிச்ச பக்கம். நீங்களே போயி அவங்களுக்குச் சாட்சி சொல்றீங்க. நான் நீதிபதி முன்னால எழுந்து நின்னு, அறிவிப்பு போயிருக்குன்னு சொன்னேன். எனக்கு எப்படி இருக்கும்?"

"உங்களுக்குத் தெரியாதுல்ல."

"எனக்குத் தெரியாதுங்கறத நான்தான் இனிமே நிரூபிச்சுக்கிட்டிருக்கணும்" என்று சொல்லிவிட்டு, கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். பிறகு ஒரு தாளை எடுத்தார். "சரி. நடந்தத வரிசையா சொல்லுங்க. எதையும் அழகு பண்ணாதீங்க."

நான் சொல்லச் சொல்ல அவர் எழுதினார். சத்தியப் பிரமாணம் வாங்குகிற ஆணையர் முன்னால் உட்கார்ந்து அதில் கையெழுத்துப் போட்டேன். அண்ணன் தன் பக்கத்தில் மேல்முறையீட்டைத் திரும்ப எடுக்கச் சொல்லி மனு கொடுத்தார். அதை எழுத ஜித்ராவில் இருக்கிற அவர் மகள் வந்து உதவினாள். நாங்கள் எதிர்ப்பில்லை என்றோம்.

மனு வந்த நாளில் அண்ணன் வெள்ளைச் சட்டை போட்டு முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். இந்தமுறை மொழிபெயர்ப்பாளர் பெயரைச் சொன்னதுமே எழுந்து நின்றார். நீதிபதி என் வாக்குமூலத்தைப் படித்தார். நிதானமாகப் படித்தார். அதில் பெட்ரோல் நிலையத்துப் பேச்சு இருந்தது, தபால்காரரிடம் இல்லை என்று சொன்னது இருந்தது. படித்துவிட்டு என்னை எழுந்து நிற்கச் சொன்னார்.

"பக்கத்து வீட்டுக்கு ஒரு கடிதத்தைக் கொடுக்க உங்களுக்கு எவ்வளவு நேரம் ஆகும்?"

"ஒரு நிமிஷம், யாங் ஆரிப்."

அவர் வேறொன்றும் கேட்கவில்லை. உட்காரச் சொல்லவும் இல்லை. அவர் உத்தரவைச் சொல்லி முடிக்கும்வரை நான் நின்றுகொண்டே இருந்தேன். மேல்முறையீட்டுக்கு மறுபடி உயிர் வந்தது. தடையும் திரும்பி வந்தது. அந்த மழைக்காலம் முழுதும் எங்கள் குசினியில் வாளி வைத்துத் தண்ணீர் பிடித்தேன். வீட்டுக்காரர் காலையில் வாளியைக் காலி செய்துவிட்டு வேலைக்குப் போவார்.

மேல்முறையீடு விசாரணைக்கு வந்தபோது அண்ணன் ஒரு தாளை எடுத்துக் கொடுத்தார். பள்ளிக்கூட நோட்டிலிருந்து கிழித்த கோடு போட்ட தாள். கூரையின் சரிவை எங்கள் பக்கத்திலிருந்து எடுத்துப் பின்சந்துப் பக்கம் திருப்பினால், சுவரை இடிக்காமலே தண்ணீர் லோங்காங்குக்குப் போய்விடும் என்று பென்சிலால் வரைந்திருந்தார். லோரி ஓட்டுகிறவர் வரைந்த படம், கோணல்மாணலாகத்தான் இருந்தது. ஆனாலும் என்ன சொல்கிறார் என்று யாருக்கும் புரியும்.

"இதைக் கீழ்க்கோர்ட்டில் காட்டினீர்களா?" என்று நீதிபதி கேட்டார்.

அண்ணன் மொழிபெயர்ப்பாளருக்குக் காத்திருக்காமல் தனக்குத் தெரிந்த மலாயிலேயே சொன்னார்: "யாரும் கேட்கவில்லை, யாங் ஆரிப்."

இரு பக்கமும் வெளியே போய்ப் பேசிவிட்டு வரச் சொன்னார்கள். வராந்தாவில் என் லோயர் அந்தத் தாளை எனக்குக் காட்டினார். நான் பார்த்தேன். எங்கள் சுவர் எந்த இடத்தில் பச்சை பூத்திருந்தது என்றுகூட அதில் குறித்திருந்தார். ஒத்துக்கொள்கிறேன் என்றேன். சுவர் இருக்கலாம், கூரையை மூன்று மாதத்துக்குள் திருப்ப வேண்டும், எங்கள் சுவரைப் பூசிக் கொடுக்க வேண்டும் என்று உத்தரவானது. மேல்முறையீட்டில் பாதி அவருக்கு, பாதி எனக்கு. அண்ணன் மூன்று மாதம் எடுத்துக்கொள்ளவில்லை. இரண்டே வாரத்தில் ஆள் வைத்து ஜிங்கைப் பிரித்தார்.

ஆனால் நான் சொல்லவந்தது, அந்த உத்தரவு கிடைத்த நாளைப் பற்றி. கோர்ட்டு முடிந்து காரை எடுக்கும்போது அண்ணன் பஸ் நிற்கிற பக்கம் நடந்து போய்க்கொண்டிருந்தார். நல்ல வெயில். பக்கத்தில் நிறுத்தினேன். "ஏறுங்க அண்ணே. ஒரே எடத்துக்குத்தான போறோம்."

யோசித்தார். ரோட்டை முன்னும் பின்னும் பார்த்தார். ஏறிக்கொண்டார்.

கார் குருன் ஊரைத் தாண்டியது. ரேடியோவைப் போட்டேன், நிறுத்தினேன். கடைசியில் அவர்தான் பேசினார். "அவ உன்னோட பேசமாட்டா. நீ எதிர்பாக்காத."

"தெரியும் அண்ணே."

"ஒன் எடத்துல நான் இருந்தா நானும் குடுத்திருக்க மாட்டேனோ என்னவோன்னு அவகிட்டச் சொன்னேன். அதுக்கும் ஏச்சு வாங்குனேன்."

நான் ரோட்டையே பார்த்து ஓட்டினேன். அவர் அப்படிச் சொன்னது எனக்கு ஆறுதலாக இல்லை. அவர் கொடுத்திருப்பார் என்றுதான் தோன்றியது.

பீடோங் பசார் முச்சந்தி வந்ததும், "இங்க எறக்கிவிடு தங்கச்சி" என்றார்.

"வீடு இன்னும் தூரமாச்சே. இந்த வெயில்ல..."

"அவ வாசல்லதான் நிப்பா. ஒன் வண்டியில வந்து எறங்குனேன்னா, இன்னைக்குக் கெடச்ச உத்தரவுகூட அவளுக்குக் கெடைக்காத மாதிரிதான்."

இறங்கி, தோளில் பையை மாட்டிக்கொண்டு, கடைகளின் நிழல் ஓரமாக நடந்து போனார். நான் காரை அங்கேயே நிறுத்தி வைத்திருந்தேன். அவர் போய்ச் சேர எவ்வளவு நேரம் ஆகும், எப்போது கிளம்பினால் அவரை வழியில் தாண்டாமல் இருக்கலாம் என்று யோசித்தேன். ஒருமுறை கியரைப் போட்டேன், திரும்ப எடுத்தேன். பின்னால் வந்த மோட்டார்க்காரன் ஹாரன் அடித்தான். ஓரம் கட்டி நிறுத்திவிட்டு, இன்னும் பத்து நிமிஷம் உட்கார்ந்திருந்தேன்.